தேர்வுப் பிரிவில் தொகுப்பூதியம்: நிரந்தரம் கேட்டு வழக்குப் போட்டால் நிற்குமா?

தொகுப்பூதியத்தான்:
மாநிலப் பல்கலைக்கழகம் ஒன்றில், தேர்வுப் பிரிவில் வேலை. 2009இல் தினக்கூலியாகச் சேர்ந்தேன், 2012இலிருந்து தொகுப்பூதியம். ஆறு மாதத்துக்கு ஓர் ஆணை, நடுவில் ஒரு நாள் பிரேக். அந்த நாளிலும் விடைத்தாளுக்கு டம்மி எண் போட்டுக்கொண்டுதான் இருப்போம், பதிவேட்டில் மட்டும் கையெழுத்து இருக்காது. இப்போது எங்களை ஆள் அனுப்பும் தனியார் ஏஜென்சிக்கு மாற்றப் போகிறார்களாம். தற்காலிகப் பணியாளர்கள் நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்ற உச்ச நீதிமன்றத்தின் உமாதேவி தீர்ப்பு இருக்கும்வரை கோர்ட்டில் ஒன்றும் நடக்காது என்கிறார் எங்கள் பிரிவு அலுவலர். உண்மையா?

ஊர்க்குருவி:
கேஸ் போட்டால் அடுத்த ஆணையே வராது. யோசித்துச் செய்யுங்கள்.

பழைய சங்கத்துக்காரன்:
உங்கள் அலுவலர் பாதிதான் படித்திருக்கிறார். 2006 ஏப்ரலில் வந்த அந்தத் தீர்ப்பு கொல்லைப்புற நியமனத்தைத்தான் அடைத்தது. ஒப்பளிக்கப்பட்ட, அதாவது முறையாக அனுமதி பெற்ற பணியிடத்தில், கோர்ட் உத்தரவின் தயவு இல்லாமல், பத்து வருடம் வேலை பார்த்தவர்களை ஒருமுறை மட்டும் வரன்முறைப்படுத்தி நிரந்தரமாக்கச் சொன்னதும் அதே தீர்ப்புதான். தமிழ்நாடு அரசின் அரசாணை 22ம் 1.1.2006 அன்று பத்து வருடம் முடித்த தினக்கூலிகளுக்கானது. நீங்கள் 2009, இரண்டிலும் நேரடியாக வரமாட்டீர்கள். அதைச் சொல்லிவிடுவதே நல்லது.

ஆனால் காற்று மாறியிருக்கிறது. 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கு: மத்திய நீர் ஆணையத்தில் கூட்டிப் பெருக்கியவர்களும் தோட்டக்காரரும் போட்டது. வருடக்கணக்காக நிரந்தரத் தன்மையுள்ள வேலையை அவர்களிடம் வாங்கிக்கொண்டு, கேட்டால் உமாதேவியைக் காட்டக்கூடாது என்றது உச்ச நீதிமன்றம். 2025 ஆகஸ்டில் தரம் சிங் வழக்கு, உத்தரப் பிரதேச உயர்கல்விப் பணி ஆணையத் தினக்கூலிகள். பணமில்லை என்ற சாக்கு எடுபடவில்லை. கூடுதல் பணியிடம் உருவாக்கியாவது நிரந்தரம் செய் என்று உத்தரவு.

முதலில் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டு, உங்கள் பிரிவில் ஒப்பளிக்கப்பட்ட இடம் எத்தனை, காலி எத்தனை என்று கேளுங்கள். வழக்கின் உயிர் அங்கேதான். எல்லா ஆணைகளின் நகலும் வங்கிப் பாஸ்புக்கும் வீட்டில் இருக்கட்டும். ஆபீஸ் பீரோவை நம்ப வேண்டாம்.

வக்கீல் குமாஸ்தா:
1978 பெங்களூர் குடிநீர் வாரிய வழக்கின்படி பல்கலைக்கழகமும் தொழிலாளர் சட்டத்தின் பார்வையில் 'தொழில்'தான். ஆசிரியர்கள் தொழிலாளர் ஆகமாட்டார்கள், எழுத்தர்கள் ஆவார்கள். அதனால் தொழில் தகராறாகக் கொண்டுபோகும் வழியும் இருக்கலாம். உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுப் போட்டால் பெரும்பாலும் முதலில் கிடைப்பது, 'மனுவை இத்தனை வாரத்தில் பரிசீலிக்கவும்' என்ற ஒரு வரி உத்தரவுதான். பல்கலைக்கழகப் பதிவாளர் நிராகரித்து எழுதுவார். நிஜ வழக்கு அதற்கப்புறம் தொடங்கும். கூடவே சம வேலைக்குச் சம ஊதியமும் கேளுங்கள். 2016 ஜக்ஜித் சிங் தீர்ப்புப்படி, தற்காலிகப் பணியாளருக்கும் அதே வேலை பார்க்கும் நிரந்தரப் பணியாளரின் காலமுறை ஊதியத்தின் குறைந்தபட்சத் தொகை உண்டு. நிரந்தரம் இழுத்தடித்தாலும் இது கைக்கு வரலாம்.

தொகுப்பூதியத்தான்:
நன்றி அண்ணே. ஏஜென்சி படிவத்தில் வெள்ளிக்கிழமைக்குள் கையெழுத்துக் கேட்கிறார்கள். என்ன செய்ய?

பழைய சங்கத்துக்காரன்:
போடாதீர்கள். போட்டால் நாளைக்கு 'இவர் எங்கள் ஆளே இல்லை' என்பார்கள். கட்டாயப்படுத்தினால், ஆட்சேபத்துடன் போடுகிறேன் என்று எழுதிப் போட்டு, அன்றைக்கே பதிவாளருக்குப் பதிவுத் தபாலில் ஒரு கடிதம் அனுப்பிவிடுங்கள். தனியாளாகப் போகாமல், பிரிவில் இருக்கிற எல்லோரும் சேர்ந்து போங்கள்.