தோடம்பழப் பாகில் பொரிச்ச இறால்: பாகு பட்டதும் நமத்துப் போகுது, எங்க பிழை?

கல்லடிக்காரி:

இறால் அரைக் கிலோ, தலையும் கோதும் கழிச்ச பிறகு உள்ள நிறை. கோதுமை மா ஒரு கப், முட்டை ஒண்டு, மிளகாய்த்தூள், உப்பு, பச்சைத்தண்ணி எல்லாம் சேர்த்துக் கரைச்சு, தோய்ச்சு, தேங்காயெண்ணெயில பொரிக்கிறன். தாச்சியால எடுக்கும்போது நல்ல மொறுமொறுப்பு. தோடம்பழச் சாறு, சீனி, சோயா சோஸ், கோன்ப்ளவர் போட்டுக் காய்ச்சின பாகை ஊத்திக் கிளறி மேசைக்குக் கொண்டு போறதுக்குள்ள பணியாரம் மாதிரி மெத்தெண்டு ஆயிருது. சில இறாலில பூச்சு கழண்டு பாகுக்குள்ள தனியாக் கிடக்குது. பாகும் ஒள்ளுப்பம் கசக்குது, வாசத்துக்குத் தோல் துருவிப் போட்டிருந்தன். வாற சனிக்கிழமை பன்னிரண்டு பேருக்குச் செய்யணும். தெரிஞ்ச ஆக்கள் சொல்லுங்க.

தாச்சி:

தங்கச்சி, நீங்க சொன்னதெல்லாம் ஒரே நோய்தான்: தண்ணி. இறாலுக்குள்ள தண்ணி, கரைசலுக்குள்ள தண்ணி, பாகுக்குள்ள தண்ணி. ஒவ்வொண்டாப் பார்ப்பம்.

இறாலில இருந்து தொடங்குங்க. வாலை விட்டுட்டு மற்றக் கோதை உரிச்சு, முதுகைக் கீறிக் கறுப்புக் குடலை எடுங்க. வால் நடுவில கூரா ஒரு முள்ளு நிக்கும், அதை ஒடிச்சு எறியணும். வால் நுனியையும் குறுக்கா வெட்டி, கத்தியின் மொட்டைப் பக்கத்தால வழிச்சா உள்ள நிண்ட தண்ணி வெளிய வரும். எண்ணெய் டப்பெண்டு வெடிச்சுக் கையில தெறிக்கிறது பெரும்பாலும் இந்த வால் தண்ணியாலதான். வயித்துப் பக்கம் குறுக்கா 3 சின்ன வெட்டுப் போட்டு, குப்புற வைச்சு விரலால அமத்தினா சதைநார் விடுபடுற சத்தம் கேக்கும். பிறகு பொரிக்கும்போது இறுகச் சுருளாது, பூச்சும் எல்லா இடமும் ஒரே மாதிரிப் பிடிக்கும்.

அரைக் கிலோவுக்கு உப்பு 1 தேக்கரண்டி, அப்பச்சோடா கால் தேக்கரண்டி தூவிப் பிசறி 20 நிமிஷம் பிரிட்ஜில வைங்க. அப்பச்சோடா பட்ட சதை பொரிக்கும்போது தண்ணியை விடாமப் பிடிச்சு வைச்சிருக்கும், கடிக்கவும் இறுக்கமா இருக்கும். நேரத்தைக் கூட்டினா வழவழெண்டு ரப்பர் மாதிரி வரும், அதால 20 நிமிஷத்தோட நிப்பாட்டிக் கழுவிருங்க. கழுவின பிறகு சுத்தமான துணியில பரப்பி, மேல இன்னொரு துணி போட்டு ஒத்தி எடுக்கணும். தொட்டா விரல் ஈரமாகக் கூடாது. உங்கட பூச்சு கழண்டதுக்குக் காரணம் இதுதான்: ஈர இறால் மேல கரைசல் பிடிக்கிறல்ல, வழுக்குது. ஒத்தின இறாலைக் கோன்ப்ளவர் 3 மேசைக்கரண்டியில புரட்டி, கூடினதைத் தட்டி விட்டுட்டு, அதுக்குப் பிறகுதான் கரைசல்ல தோய்க்கணும்.

தனிக் கோதுமை மாவும் முட்டையும் போட்டா அப்படித்தான் மெத்தெண்டு வரும். கோதுமையில உள்ள பசைத்தன்மை கலக்கக் கலக்க இழுபட்டு, தண்ணியை விடாமப் பிடிச்சு வைக்கும். கோதுமை மா 60 கிராம், கோன்ப்ளவர் 60 கிராம், பேக்கிங் பவுடர் 1 தேக்கரண்டி, உப்பு கால் தேக்கரண்டி, மிளகுத்தூள் அரைத் தேக்கரண்டி. இதுக்குப் பிரிட்ஜில குளிர வைச்ச, குடிக்கிற வெறும் சோடாத் தண்ணி 150 மில்லி. முட்டை வேண்டாம், சீனியும் வேண்டாம். சீனி போட்டா இறால் அவியுமுன்ன மேல கறுத்திரும். பொரிக்கிறதுக்கு முதல் நிமிஷம்தான் கலக்கணும், அங்கங்க கட்டி நிண்டா நிக்கட்டும். சில செய்முறையில மது ஊத்தச் சொல்லுவாங்க, அது நம்ம வீடுகளுக்குச் சரிவராது, சோடாவே காணும்.

கோன்ப்ளவர் எண்டு நான் சொல்றது வெள்ளையா, விரல்ல உரசினா கிறீச்செண்டுற மா. மஞ்சள் சோள மா வேற சாமான்.

எண்ணெய் தாச்சியில 2 அங்குல ஆழமாவது நிக்கணும். செக்குத் தேங்காயெண்ணெய் 175 செல்சியஸுக்குக் கிட்டயே புகையத் தொடங்கிரும், ரெண்டாம் பொரியலுக்கு ஏலா. சுத்திகரிச்ச தேங்காயெண்ணெயோ சூரியகாந்தி எண்ணெயோ எடுங்க. வெப்பமானி இல்லாட்டி நல்லாக் காய்ஞ்ச அகப்பைக் காம்பை எண்ணெய்க்குள்ள விட்டுப் பாருங்க: காம்பைச் சுத்திப் பொடிக் குமிழ் நிக்காம வந்தா 170க்குக் கிட்ட. குமிழ் பெருசாச் சீறினா கூடிப் போச்சு.

ஒரு தரத்துக்கு 6 இறாலுக்கு மேல போட வேண்டாம். முதல் 20 செக்கன் கரண்டி படக்கூடாது, பூச்சு இறுகட்டும். நடுத்தர இறாலுக்கு ஒண்டேகால் நிமிஷம், இளம் வெள்ளையா இருக்கும்போதே எடுத்துருங்க. எல்லாம் பொரிச்ச பிறகு எண்ணெயை 190க்கு ஏத்தி, இன்னொரு தரம் 40 செக்கன். முதல் பொரியல்ல இறால் அவியும். அது ஆறும்போது உள்ளுக்குள்ள இருக்கிற தண்ணி பூச்சுக்கு வரும், ரெண்டாம் பொரியல் அந்தத் தண்ணியை விரட்டும். இந்த ரெண்டாம் சூடு இல்லாம எந்தப் பூச்சும் பாகைத் தாங்காது. இறால் வளைஞ்சு பிறை மாதிரி நிண்டா பதம், தலையும் வாலும் முட்டி வளையமானா கூட வெந்து போச்சு.

எடுத்ததைக் கடதாசியில குவிக்காதீங்க, அடியில ஆவி அடைச்சு அந்தப் பக்கம் ஈரமாகிரும். பிரம்பு இடியப்பத் தட்டுல ஒண்டோட ஒண்டு படாம அடுக்குங்க, அடியால காத்துப் போகும். பிளாஸ்டிக் தட்டு எண்டா சூட்டுக்கு நெளிஞ்சிரும்.

மறுகா_வாறன்:

மேல உள்ளதுல ஒரு இடத்துலதான் எனக்குச் சம்மதம் இல்ல. பாகு ஊத்துற சாமானுக்குத் தோய்ச்ச கரைசலே வேண்டாம். அது காத்து நிறைஞ்ச பூச்சு, சும்மா தின்னத்தான் நல்லம். பாகைப் பஞ்சு மாதிரிக் குடிக்கும்.

உலர் பூச்சுச் செய்து பாருங்க. ஒத்தி எடுத்த அரைக் கிலோ இறாலுக்கு ஒரு முட்டையின் வெள்ளைக்கரு மட்டும், கோன்ப்ளவர் 1 மேசைக்கரண்டி, மிளகு, உப்பு ஒரு சிட்டிகை. பிசறி 10 நிமிஷம் வைங்க. அகலத் தட்டுல கோன்ப்ளவர் 100 கிராம், வறுக்காத அரிசி மா 30 கிராம் கலந்து, அதுக்கு மேல தண்ணி 1 மேசைக்கரண்டி தெளிச்சு விரல் நுனியால உதிர்த்து விடுங்க. புட்டுக்குக் குழைக்கிற மாதிரி சின்னச் சின்ன மணியா வரும். இறாலை ஒவ்வொண்டா வைச்சு அமத்திப் புரட்டினா அந்த மணியெல்லாம் ஒட்டி, பொரிஞ்ச பிறகு கரடுமுரடா நிக்கும். பாகு மேட்டுலதான் ஒட்டும், பள்ளம் காய்ஞ்சபடி இருக்கும். கடிக்கும்போது சத்தம் வாறது அந்தப் பள்ளத்தாலதான்.

புரட்டின உடனே எண்ணெயில போடாதீங்க. வெள்ளை மா மறைஞ்சு ஈரநிறமா மாறும் வரைக்கும் 5 நிமிஷம் விடணும், இல்லாட்டி மா உதிர்ந்து எண்ணெய் அடியில கருகும். வீட்டுல இடியப்பத்துக்கு வறுத்து வைச்ச அரிசி மாவை எடுத்துராதீங்க, அது தண்ணியைக் கூட இழுத்து வறட்டு மண்ணு மாதிரிக் கிடக்கும்.

தாச்சி:

உண்மைதான், பாகுக்கு உலர் பூச்சு கூட நேரம் தாங்கும். கரைசல் பூச்சு பார்க்க உருண்டு அழகா வரும், உடனே தின்னுற ஆக்களுக்கு அது காணும். பன்னிரண்டு பேர் எண்டா மறுகா சொன்னதைச் செய்யுங்க. ரெண்டு தரம் பொரிக்கிறது மட்டும் ரெண்டுக்கும் வேணும்.

சம்மாந்துறை ராத்தா:

பாகைப் பற்றி ஒருத்தரும் சொல்லல்ல, கசப்பு அங்கதான்.

தோலைத் துருவும்போது வெள்ளைப் பகுதி சேர்ந்திருக்கும், அது கசக்காம வேற என்ன செய்யும்? மேல் நிறத் தோல் மட்டும் போதும், ஒரு பழத்துத் தோல் அரைக் கிலோ இறாலுக்குத் தாராளம். அதையும் கொதிக்க விடாம அடுப்பை நூத்த பிறகுதான் போடணும். இறக்குமதிப் பழம் எண்டா மேல மெழுகு பூசியிருக்கும், வெந்நீரில தேய்ச்சுக் கழுவுங்க. சாறு பிழியும்போது கொட்டை நசுங்கினாலும் கசக்கும். பிழிஞ்சு வைச்ச சாறும் அப்படித்தான், சில வகைத் தோடம்பழச் சாறு முதல்ல இனிச்சு, வைக்க வைக்கக் கசப்பு ஏறும். பிழிஞ்ச கையோட அடுப்புல வைங்க.

பிபிலைத் தோடம்பழம் கிடைச்சா அதை எடுங்க. தோல் பச்சையா இருக்கெண்டு காயெண்டு நினைக்க வேண்டாம். இரவுக் குளிர் இல்லாத ஊரில பழுத்த தோடையும் பச்சையாத்தான் நிக்கும். சாறு வெளிர் மஞ்சள்தான் வரும், பாகு செம்மஞ்சளா மினுங்காது. அதுக்காகக் கலர் போடுறது தேவையில்லாத வேலை. வெளிர் மஞ்சளா இருந்தாலும் ருசி குறையாது.

அளவு: சாறு 250 மில்லி. அலுமினியத் தாச்சியில காய்ச்சாதீங்க, புளிப்புப் பட்டு உலோக வாடை வரும். எவர்சில்வர் சட்டியில, அகலமானதுல, சாறு 100 மில்லியா வத்தும் வரைக்கும் வைங்க. வத்தின பிறகுதான் சீனி 75 கிராம், அதாவது தட்டின மேசைக்கரண்டியால 6. சோயா சோஸ் 1 மேசைக்கரண்டி, நசுக்கின உள்ளி 3 பல்லு, இஞ்சிச் சாறு 1 தேக்கரண்டி, வெட்டுத்தூள், அதாவது கரகரப்பா இடிச்ச செத்தல் மிளகாய், அரைத் தேக்கரண்டி. உப்பு வேற போட வேண்டாம், சோயாவிலும் இறாலிலும் இருக்கு. சீனியை முதல்லயே போட்டா வத்துறதுக்குள்ள அடிப்பிடிச்சுக் கருகின கசப்பு வரும்.

தங்கச்சி, நீங்க சாறை வத்த விடாம கோன்ப்ளவரால தடிப்பாக்கியிருப்பீங்க. பார்வைக்குத் தடிப்பு, உள்ள முழுக்கத் தண்ணி. அந்தத் தண்ணிதான் பூச்சுக்குள்ள போகுது. சீனியால தடிச்ச பாகு தண்ணியைச் சுறுக்கா விடாது. கோன்ப்ளவர் அரைத் தேக்கரண்டி போதும், இறாலில ஒட்டிப் பிடிக்கிறதுக்காக மட்டும். பதம் பார்க்கக் குளிர்ந்த எவர்சில்வர் தட்டுல ஒரு சொட்டு விட்டு நடுவால விரலால கோடு இழுங்க. கோடு மூடாம நிண்டா இறக்குங்க. தேசிக்காய்ப் புளி 1 மேசைக்கரண்டி இறக்கின பிறகுதான், புளியோட கொதிச்சா கோன்ப்ளவர் இளகித் தண்ணியாகும், தேசிக்காய் வாசமும் போயிரும். கடைசியா 120 மில்லி அளவில பாகு நிக்கும். அரைக் கிலோ இறாலுக்கு அது காணும், கூட ஊத்தினா குழம்புதான்.

கல்லடிக்காரி:

ராத்தா, அப்படியே நான் செய்த பிழை! வத்த விடவே இல்ல. பன்னிரண்டு பேருக்கு எவ்வளவு இறால் வாங்க? முன்கூட்டிப் பொரிச்சு வைக்கலாமா? மழை நேரம் வேற.

தாச்சி:

சோத்துக்கு இல்லாம சும்மா கடிச்சுத் தின்ன எண்டா ஆளுக்கு 120 கிராம் கணக்குல உரிச்ச இறால் ஒண்டரைக் கிலோ. தலையோட வாங்கினா 3 கிலோ, உரிச்ச பிறகு பாதிக்கு ஒள்ளுப்பம் கூடத்தான் தேறும். கிலோவுக்கு 35, 40 வாற அளவு பாருங்க. தலை ஆடி, கழுத்துப் பக்கம் கறுத்திருந்தா விட்டிருங்க. நல்ல தலையைக் குப்பையில போடாதீங்க, முருங்கையிலைச் சொதிக்கு அதை விட ருசி இல்ல.

முதல் பொரியலை ஒரு மணித்தியாலம் முன்ன முடிச்சுத் தட்டுல பரப்பி வைக்கலாம். மூடி போடாதீங்க. அதுக்கு மேல பிந்தும் எண்டா ஆறினதும் பிரிட்ஜில வைச்சிருங்க, வெளிய விடக் கூடாது. ரெண்டாம் பொரியல் ஆக்கள் மேசையில இருந்த பிறகுதான்.

சம்மாந்துறை ராத்தா:

கலக்கிறதையும் மூண்டு ஈடாப் பிரிங்க மகள், ஒண்டரைக் கிலோவையும் ஒரு சட்டியில போட்டா அடி இறால் நசுங்கி ஈரமாகிரும். பாகு சூடா இருக்கணும், அடுப்பு நூந்திருக்கணும், இறால் எண்ணெயால எடுத்த கையோட. ஆறின பாகு எண்டா இறுகி ஒரு பக்கம் கட்டியா ஒட்டும். அகலச் சட்டியில நாலு குலுக்கு, 10 செக்கன், தட்டுக்கு மாத்திருங்க, கரண்டியால கிண்டாதீங்க. மழைக்காலம் காத்துல ஈரம் கூட, பத்து நிமிஷத்துக்கு மேல ஒண்டும் தாங்காது. பிந்தி வாற ஆக்களுக்குப் பாகைக் கிண்ணத்துல தனியா வைங்க, தொட்டுத் தின்னட்டும். கருவேப்பிலையை அந்த 190 எண்ணெயிலயே 5 செக்கன் பொரிச்சு மேல தூவுங்க, இலையில தண்ணி இருந்தா மட்டும் தாச்சிக்குக் கிட்ட நிக்காதீங்க.