காதுகுத்துக்கு யார் மடி?

முருகேசன் பெரியப்பா: ஞாயிற்றுக்கிழமை கார்த்தி மடியில் பிள்ளையை வைப்பதா வேண்டாமா, இன்றைக்குள் சொல்லுங்கள். ஸ்டேஷன் வரை போனவன். ஊர் வாய் சும்மா இருக்காது.

மீனா: விசாரிக்கத்தான் கூப்பிட்டார்கள், அப்பா போய் அழைத்து வந்துவிட்டார். கஞ்சா வைத்திருந்தது அவன் கூட்டாளி. என் பிள்ளைக்குத் தாய்மாமன் அவன்தான் பெரியப்பா.

ராஜி சித்தி: ஊசி என்கிறார்கள், கஞ்சா என்கிறார்கள். எது உண்மை?

தினேஷ்: கார்த்தி இந்தக் குழுவில் இருக்கிறான்

பாண்டி சித்தப்பா: காலையிலேயே எடுத்துவிட்டேன்

மீனா: யாரைக் கேட்டு?

செல்வி: கார்த்தி பையில் மாத்திரை அட்டையும் சிரிஞ்சும் இருந்தது. இரண்டு நாளாக மூக்கு ஒழுகுகிறது, வாந்தி, வயிற்றுப்போக்கு, கால் உளைச்சல். ஒரு பொட்டுத் தூக்கமில்லை. அறையை வெளியே பூட்டி வைத்திருக்கிறோம். மதினி, அட்டையைப் படம் எடுத்துப் போட்டிருக்கிறேன், பாருங்கள்.

கஸ்தூரி அத்தை: செல்வி, முதலில் கதவைத் திற. அது டேபென்டடால். ஆபரேஷன் ஆனவர்களுக்கும் கடுமையான வலி உள்ளவர்களுக்கும் டாக்டர் சீட்டு பார்த்துத்தான் கொடுக்க வேண்டும். ஆஸ்பத்திரி மருந்துக் கவுண்டரில் நின்ற காலத்தில் நானே கொடுத்திருக்கிறேன். அபின் போலவே மூளையில் வேலை செய்யும். இதே வகை டிரமடாலை 2018இல் போதைப்பொருள் சட்டத்துக்குள் கொண்டுவந்தார்கள். பையன்கள் மாத்திரையைப் பொடித்துத் தண்ணீரில் கரைத்து நரம்பில் ஏற்றுகிறார்கள். விழுங்குவதற்காகச் செய்த மாத்திரையில் மருந்தோடு மாவும் பவுடரும் இருக்கும். அது முழுதாகக் கரையாது. ரத்தக்குழாயை அடைக்கும், நுரையீரல் வரை போய்த் தங்கும். குத்திய இடம் சீழ் பிடிக்கும். ஒரே ஊசியை நாலு பேர் மாற்றிப் போட்டால் ஹெபடைடிஸ் சி வரும், எச்ஐவி வரும். கூடவே மதுவோ தூக்க மாத்திரையோ சேர்ந்தால் மூச்சே நின்றுவிடலாம். இப்போது அவன் படுவது மாத்திரை கிடைக்காத வேதனை. நடிப்பு என்று யாரும் நினைக்காதீர்கள். சீட்டு இல்லாமல் அட்டை அட்டையாக விற்றவனை ஒருவரும் கேட்கவில்லை, அதுதான் எனக்கு ஆறவில்லை.

ராஜி சித்தி: சுருக்கமாகச் சொல்லுங்கள் மதினி

பாண்டி சித்தப்பா: இரண்டு அறை விட்டால் தெளிந்துவிடும்

தினேஷ்: தாத்தாவுக்கு யார் விட்டது?

முருகேசன் பெரியப்பா: தினேஷ்! அப்பாவை இதில் இழுக்காதே.

பாண்டி சித்தப்பா: பையன் சொன்னதில் என்ன தப்பு? தென்னந்தோப்பு குடியில்தானே போனது. என் பங்கும் சேர்த்து.

முருகேசன் பெரியப்பா: தோப்புப் பேச்சு வேண்டாம்.

கஸ்தூரி அத்தை: பாண்டி, அடித்து யாருக்கும் இது தீர்ந்ததில்லை. பூட்டி வைத்து நிறுத்துவதும் ஆபத்துதான். கொஞ்ச நாள் விட்டால் உடம்பின் தாங்கும் சக்தி குறைந்துவிடும். அது தெரியாமல் பழைய அளவையே போடுகிறவன் பிழைப்பது கஷ்டம். மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரி மனநலப் பிரிவில் மருந்து கொடுத்துப் படிப்படியாக நிறுத்துவார்கள். 14446க்குக் கூப்பிட்டாலும் வழி சொல்வார்கள், காசு இல்லை.

செல்வி: அங்கே போனால் கேஸ் ஆகிவிடுமா மதினி? போலீஸ் வேலைக்கு எழுதியிருக்கிறான்.

கஸ்தூரி அத்தை: 1985ஆம் வருடப் போதைப்பொருள் சட்டத்தில் 64ஏ என்று ஒரு பிரிவு இருக்கிறது. பழக்கத்தில் விழுந்தவன் தானாகச் சிகிச்சைக்கு வந்தால், பயன்படுத்தியதற்கும் சிறிய அளவு வைத்திருந்ததற்கும் வழக்கு நடத்த மாட்டார்கள். சிகிச்சையைப் பாதியில் விட்டால் அந்தப் பாதுகாப்பு போய்விடலாம். கஞ்சாவில் ஒரு கிலோ வரை சிறிய அளவு. அதற்கே ஒரு வருடம் வரை சிறை, 10,000 ரூபாய் வரை அபராதம், இரண்டும் சேர்ந்தும் வரலாம். 20 கிலோவைத் தாண்டினால் 10 வருடத்துக்குக் குறையாது. கூட்டாளி வழக்கில் இவன் பெயர் வராமலிருக்க அவன் அப்பா ரவியை ஒரு வக்கீலைப் பார்க்கச் சொல்.

ராஜி சித்தி: சாக்லேட்டில் கலந்து விற்கிறார்களாம், ஒரு ஆடியோ வந்தது. அனுப்பவா?

தினேஷ்: வேண்டாம் சித்தி

முருகேசன் பெரியப்பா: சரி. இந்த ஒரு தடவை தினேஷ் மடியில் வைக்கட்டும். அவனும் மீனாவுக்கு அண்ணன்தானே.

பாண்டி சித்தப்பா: அப்படி வா. சீர்த்தட்டில் உன் மகன் பெயர்.

தினேஷ்: என்னை விடுங்கள். நான் கிடா பார்க்கப் போகிறேன்.

ராஜி சித்தி: கிடா ஒன்றா இரண்டா? இரண்டு என்று பேசியது ஞாபகம்

மீனா: என் தம்பி உடம்பு அங்கே நடுங்கிக்கொண்டிருக்கிறது, கிடாக் கணக்கு கேட்கிறீர்களே சித்தி.

செல்வி: கதவைத் திறந்துவிட்டேன். இரண்டு வாய் கஞ்சி குடித்தான். ஆஸ்பத்திரிக்கு வருகிறேன் என்கிறான். அப்பா வேண்டாமாம், கஸ்தூரி அத்தை வந்தால் போதுமாம்.

கஸ்தூரி அத்தை: காலை எட்டு மணிக்கு ஓபி சீட்டு கொடுக்கும் இடத்தில் நிற்பேன். அட்டையையும் எடுத்து வா, டாக்டர் பார்க்க வேண்டும். சிரிஞ்சைக் குப்பையில் போடாதே, துப்புரவுக்காரர் கையில் குத்தும். மூடி போட்ட கெட்டி டப்பாவில் வை. இன்று இரவு யாராவது அவன் பக்கத்தில் படுங்கள். அவன் மூச்சு மெதுவானாலோ, கூப்பிட்டு எழுந்திருக்காவிட்டாலோ 108க்குக் கூப்பிடு, எனக்கு அப்புறம் சொன்னால் போதும்.

செல்வி: சரி மதினி

முருகேசன் பெரியப்பா: அப்போ மடி?

மீனா: டாக்டரைப் பார்த்துவிட்டு வரட்டும் பெரியப்பா. தேவைப்பட்டால் தேதியை மாற்றுவேன்.

முருகேசன் பெரியப்பா: பத்திரிகை கொடுத்தாகிவிட்டது, மாற்ற முடியாது

பாண்டி சித்தப்பா: வேன்காரர் முன்பணம் கேட்கிறார். யார் போடுகிறீர்கள்?

ராஜி சித்தி: போன தடவை நாங்கள் போட்டதே இன்னும் வரவில்லை