'60 மினிட்ஸ்' பழைய பகுதிகள்: பார்த்தவர்கள் கவனித்ததைப் பகிருங்கள்

கடிகார முள்
அமெரிக்காவின் சி.பி.எஸ். தொலைக்காட்சியில் வரும் '60 மினிட்ஸ்' செய்தி நிகழ்ச்சியின் பழைய துண்டு ஒன்று கையில் கிடைத்து, எந்த ஆண்டு என்று தெரியவில்லையா? செய்தியாளர் நாற்காலியில் யார் இருக்கிறார்கள் என்று பாருங்கள். ஹாரி ரீசனர், மைக் வாலஸ் இருவர் மட்டும் என்றால் 1968 முதல் 1970 வரை. ரீசனர் போட்டித் தொலைக்காட்சியான ஏ.பி.சி.க்குப் போனதும் மார்லி சேஃபர் வந்தார். டான் ராதர் 1975, எட் பிராட்லி 1981, டயேன் சாயர் 1984. ரீசனர் 1978-ல் திரும்பி வந்துவிட்டார். பலரும் சறுக்குவது இங்கேதான். கூடவே பிராட்லியும் இருந்தால் அது 70-களின் துண்டே அல்ல. கடைசியில் கருத்துச் சொல்ல வரும் ஆண்டி ரூனியை வைத்து மட்டும் கணக்குப் போடாதீர்கள். 1978 முதல் 2011 அக்டோபர் வரை அதே மேசை, அதே சலிப்பு. நிகழ்ச்சியின் அடையாளமான ஸ்டாப்வாட்ச் சாய்ந்திருந்தால் 2006 அக்டோபர் 29-க்கு முந்தையது. சிவப்புப் பின்னணியில் நிமிர்ந்து நின்றால் பிந்தையது.

ஞாயிறு ஏழு மணி
இதை ஆரம்பத்திலிருந்தே வெற்றி நிகழ்ச்சி என்று எழுதுகிறவர்கள் நேர அட்டவணையைப் பார்ப்பதில்லை. இதை உருவாக்கிய டான் ஹியூவிட்டின் யோசனை எளிது. 'லைஃப்' இதழைப் போல ஒரே இதழில் கனமானதும் இருக்கட்டும், இலேசானதும் இருக்கட்டும். முதல் ஒளிபரப்பு 1968 செப்டம்பர் 24, செவ்வாய் இரவு 10 மணி. அதுவும் ஒரு வாரம் விட்டு ஒரு வாரம்தான். பார்ப்பவர் எண்ணிக்கை மோசம்.

காப்பாற்றியது ஒரு விதி. மாலை உச்ச நேரத்தில் ஒரு பகுதியை 50 பெரிய நகரங்களின் உள்ளூர் நிலையங்களுக்கு விட்டுவிட வேண்டும் என்று அமெரிக்க ஒளிபரப்பு ஒழுங்குமுறை ஆணையமான எஃப்.சி.சி. 1971-ல் நடைமுறைக்குக் கொண்டுவந்தது. உள்ளூர் நிலையங்களுக்கு அந்த நேரத்தைச் சொந்தச் செலவில் நிரப்பக் கட்டுப்படியாகவில்லை. அதனால் செய்தி, பொதுநல நிகழ்ச்சிகளுக்கு விலக்கு கிடைத்தது. அந்த இடுக்கில் 1972 ஜனவரியில் ஞாயிறு மாலை 6 மணிக்கு நுழைந்தது இது. ஆனாலும் கால்பந்துப் பருவம் வந்தால் நிறுத்திவிடுவார்கள். 1975 வரை ஒவ்வோர் இலையுதிர்காலமும் இதே கதை. 1975 டிசம்பர் 7 அன்று 7 மணிக்கு நிலையாக உட்கார்ந்த பிறகுதான் ஏறியது. 1979–80 பருவத்தில் அமெரிக்கத் தொலைக்காட்சியிலேயே முதலிடம். ஒரு செய்தி நிகழ்ச்சி அங்கே போனது அதுவே முதல் முறை. கதை சொல்லும் திறமையை யாரும் மறுக்கவில்லை. ஆனால் அதே திறமை செவ்வாய் இரவிலும் இருந்ததே!

பதிவுப்பெட்டி
மேலே கால்பந்து என்று சொன்னது அமெரிக்கக் கால்பந்து. ஆட்டம் நீண்டால் கிழக்குக் கரையில் இன்றும் நிகழ்ச்சி தள்ளிப்போகும். பதிவுக் கருவியில் 7 மணிக்கு மட்டும் டைமர் வைத்தால் கடைசிப் பகுதி அறுந்துவிடும். முடிவு நேரத்தோடு ஒரு மணி நேரம் கூடுதலாக வையுங்கள்.

எடிட் மேசை
பழி இடம் மாறுவதையும் சொல்ல வேண்டும். வியட்நாம் போரில் அமெரிக்கப் படைக்குத் தலைமை தாங்கிய ஜெனரல் வெஸ்ட்மோர்லேண்ட் 120 மில்லியன் டாலர் கேட்டு வழக்குப் போட்டது '60 மினிட்ஸ்' மேல் அல்ல. 1982 ஜனவரியில் வந்த 'சி.பி.எஸ். ரிப்போர்ட்ஸ்' ஆவணப்படத்தின் மேல். அதில் வாலஸ் இருந்ததால் குழப்பம். அதிபர் ஜார்ஜ் டபிள்யூ. புஷ்ஷின் ராணுவச் சேவை பற்றிய சர்ச்சைக்குரிய ஆவணங்கள் 2004 செப்டம்பர் 8 அன்று வந்ததும் ஞாயிறு நிகழ்ச்சியில் அல்ல, அதன் புதன்கிழமைத் தங்கை நிகழ்ச்சியில்.

ஆனால் ஆடி 5000 கார் விவகாரம் இவர்களுடையதேதான். 1986 நவம்பர் 23. கார் தானாகப் பாய்வதாகக் காட்டிய காட்சிக்காக கியர்பெட்டியில் துளையிட்டு, வெளியிலிருந்து அழுத்தக் காற்றைச் செலுத்தியிருந்தார்கள். பார்ப்பவருக்கு அது தெரியாது. 1989-ல் அமெரிக்கச் சாலைப் பாதுகாப்புத் துறை இப்படிப்பட்ட சம்பவங்களில் பெரும்பாலானவற்றுக்குச் சொன்ன காரணம், பிரேக் என்று நினைத்து ஆக்சிலரேட்டரை மிதித்தது. ஐடில் வேகத்தை (ஆக்சிலரேட்டரை மிதிக்காதபோது எஞ்சின் ஓடும் வேகம்) சீராக்கும் கருவியில் கோளாறு வந்து எஞ்சின் திடீரென உறும, ஓட்டுநர் பதறியிருக்கலாம் என்பதையும் குறித்தார்கள். பிரேக்கை மிதித்தால்தான் 'பார்க்'கிலிருந்து கியர் நகரும்படி ஆடி நிறுவனம் பூட்டுப் பொருத்தியது. இதற்கிடையே அமெரிக்காவில் ஆடி விற்பனை 1985-ன் சுமார் 74,000-லிருந்து சரிந்து, 1991-ல் சுமார் 12,000-க்கு வந்துவிட்டது.

பதினாறு எம்எம்
நேர்காணல்களைப் பார்க்கும்போது கேள்வி கேட்பவர் முகத்தைக் கவனியுங்கள். அன்று ஃபிலிமில்தான் எடுத்தார்கள்: 400 அடி 16 எம்எம் ஃபிலிம் சுருள், நொடிக்கு 24 படச் சட்டம் (ஃபிரேம்), ஓடுவது 11 நிமிடம்தான். இரண்டு கேமரா இருந்தால் ஒன்று மாற்றி ஒன்றில் சுருள் போடலாம். ஒரே கேமரா என்றால், விருந்தினர் பதிலெல்லாம் எடுத்த பிறகு கேமராவைத் திருப்பி வைத்துக் கேள்வியை மறுபடி கேட்டு எடுப்பார்கள். சிக்கல் இதில்தான். இரண்டாம் முறை கேட்கும் கேள்வி கூர்மையாகிவிடும். முதல் கேள்விக்குச் சொன்ன நிதானமான பதில் அதன் பின்னால் ஒட்டும்போது மழுப்பலாகத் தெரியும். இருவரும் ஒரே சட்டத்தில், உதடு அசைவது தெரியும் அகலக் காட்சி எங்காவது வந்தால் அங்கே கேள்வியின் சொற்களை ஒப்பிட்டுப் பாருங்கள்.

எடிட் மேசை
அதோடு, வெட்டின் இருபுறமும் ஆஷ்ட்ரேயில் சிகரெட்டின் நீளத்தையும் பாருங்கள். பல நேரம் அது சொல்லிவிடும்.