சீருடைக் கல்லூரிகளில் மாணவர் செய்தித்தாள்: நேரில் கண்டவர்கள் எழுதுங்கள்

ஓசூரிலிருந்து:

அமெரிக்காவின் டெக்சாஸ் ஏ அண்ட் எம் பல்கலைக்கழகத்து மாணவர் பத்திரிகையான "தி பட்டாலியன்" பற்றி இங்கே பலருக்கும் தெரியும் என்பதால் முன்கதையை நீட்டவில்லை. 1876-இல் படைப்பயிற்சிக் கல்லூரியாகத் திறக்கப்பட்ட இடம் அது. 1893 முதல் அங்கே மாணவர் பத்திரிகை வெளிவருகிறது. சீருடையோடு படைப்பயிற்சி பெறும் கேடட் படையில் சேர்வது அவரவர் விருப்பம் என்று ஆனது 1965-இல்தான். ஆகவே அந்தப் பத்திரிகையின் ஆயுளில் பாதிக்கு மேல் சீருடைக்காரர்களின் பத்திரிகையாகவே கழிந்திருக்கிறது.

என் மகள் அங்கே முதுகலை படித்தபோது, 2022 பிப்ரவரியில் நானும் என் மனைவியும் போயிருந்தோம். அச்சுப் பதிப்பை உடனே நிறுத்த வேண்டும், புதிதாக அமையவிருக்கும் இதழியல் துறையின் கீழ் பத்திரிகை வர வேண்டும் என்று பல்கலைக்கழகத் தலைவர் கேத்தரின் பேங்க்ஸ் ஆசிரியர் குழுவிடம் சொல்லிவிட்டிருந்த நேரம் அது. ஒரு கட்டட வாசலில் பத்திரிகைத் தாங்கியின் அருகே நாங்கள் நின்றிருந்தோம். கையில் அந்தக் கல்லூரியின் தங்க மோதிரம் அணிந்த பெரியவர் ஒருவர் வந்து, ஒரு பிரதியை எடுத்துப் பிரித்துக் கடைசிப் பக்கம்வரை நின்றவாறே படித்து முடித்து, அதை மடித்துத் திரும்பவும் தாங்கியிலேயே வைத்துவிட்டு, வேறு ஒரு புதுப் பிரதியை எடுத்துக் கோட்டுக்குள் செருகிக்கொண்டு போனார். படித்ததையே கொண்டு போகாமல் ஏன் அப்படிச் செய்தார் என்பது எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. சேர்த்து வைப்பதற்குக் கசங்காத பிரதி வேண்டும் என்று நினைத்திருப்பார் என்கிறாள் என் மகள்.

நம் பக்கத்தில் படைப்பள்ளி, என்.சி.சி., சைனிக் பள்ளி என்று எங்கேனும் மாணவர்களே நடத்திய பத்திரிகையை நேரில் கண்டவர்கள் எழுதும்படி கேட்டுக்கொள்கிறேன்.

பாலக்கோட்டிலிருந்து:

எண்பதுகளின் பிற்பகுதியில், கல்லூரி என்.சி.சி. ஆண்டு முகாம் ஒன்றில், மாலைதோறும் ஒரு பக்கச் செய்தித்தாள் வெளியிடும் பொறுப்பு எங்கள் மூவருக்குக் கிடைத்தது. எழுத்து வெட்டிய இடத்தில் மட்டும் மை இறங்கும் ஸ்டென்சில் தாளில் தட்டச்சு செய்து, சைக்ளோஸ்டைல் எந்திரத்தில் கையால் சுற்றி எடுப்போம். துப்பாக்கிச் சுடும் போட்டி முடிவு, மறுநாள் நிகழ்ச்சி நிரல், ஒரு கவிதை ஆகியவை இருந்தால் யாரும் எதுவும் சொல்லமாட்டார்கள். ஒரு நாள் தண்ணீர் லாரி தாமதமாக வந்ததையும், குளிக்க வரிசையில் நின்றவர்கள் அணிவகுப்புக்குப் பிந்தியதற்காகத் தண்டனையாக ஓடவிடப்பட்டதையும் இரண்டு வரியில் எழுதிவிட்டோம்.

அதிகாரி திட்டவில்லை, குரலைக்கூட உயர்த்தவில்லை. ஸ்டென்சில் பிழை திருத்தும் அந்தச் சிவப்புத் திரவப் புட்டியை வாங்கி, மூடியோடு இணைந்த சிறு தூரிகையால் அந்த இரண்டு வரிகளின்மேல் மட்டும் நிதானமாகப் பூசி, உலரும்வரை ஊதி, எங்களிடமே திருப்பித் தந்தார். வேறு ஸ்டென்சில் அடிக்க நேரம் இல்லாததால் அப்படியே ஓட்டினோம். எல்லாப் பிரதியிலும் நடுவில் ஒரு வெள்ளைப் பட்டை விழுந்தது. அன்று இரவு முகாம் முழுவதும் கவிதையையோ போட்டி முடிவையோ பேசவில்லை. அந்த இடத்தில் என்ன இருந்தது என்று கேட்டுக் கூடாரம் கூடாரமாக ஆள் வந்துகொண்டே இருந்தார்கள். அச்சாகியிருந்தால் ஐந்தாறு பேர் படித்து மறந்திருப்பார்கள்.

காவேரிப்பட்டினத்திலிருந்து, முன்னாள் படைவீரர்:

பாலக்கோட்டு நண்பர் அதிகாரியைக் குறை சொல்வதாகவே எனக்குப் படுகிறது. படையில் இருந்தவர்களுக்கு அது குறையாகத் தெரியாது. என் அனுபவத்தைச் சுருக்கமாகச் சொல்கிறேன். பணியில் இருந்தபோது எல்லைப்புறத்துக் குளிரைப் பற்றித் தமிழ் வார இதழ் ஒன்றுக்குக் கட்டுரை எழுதி, முறைப்படி அனுமதி கேட்டு மேலே அனுப்பினேன். அனுமதி வந்து சேர்ந்தபோது எங்கள் பிரிவே அந்த இடத்திலிருந்து மாறிவிட்டிருந்தது. ஊரில் வெயில் கொளுத்தும் மாதத்தில் அந்தக் குளிர்க் கட்டுரை வெளிவந்தது.

இனி இளைஞர்களுக்குச் சில வார்த்தைகள் சொல்கிறேன். 1954-ஆம் ஆண்டு ராணுவ விதிகளில் 21-ஆம் விதியைக் கட்டாயம் படியுங்கள். ராணுவச் சட்டத்துக்கு உட்பட்டவர் எவரும், அரசியல் சார்ந்த விஷயத்தையோ படைப்பணி பற்றிய தகவலையோ, மத்திய அரசின் அல்லது அதற்கென அதிகாரம் பெற்ற அதிகாரியின் முன் அனுமதியின்றிப் பத்திரிகைக்குத் தரக்கூடாது, தாமாகவும் வெளியிடக்கூடாது. இது ஏதோ ஒரு தளபதியின் மனப்போக்கில் பிறந்தது அன்று. 1950-ஆம் ஆண்டு ராணுவச் சட்டத்தின் 21-ஆம் பிரிவும், அதற்கும் மேலே அரசமைப்பின் 33-ஆம் பிரிவும் இதற்கு இடம் தருகின்றன. தண்ணீர் லாரி எப்போது வருகிறது என்பது உங்களுக்கு முகாம் புகார். எதிரிக்கு அது வழங்கல் விவரம். ஆகவே சீருடை அணிய விரும்பும் பிள்ளைகள் முதலில் குறைகளை உரிய வழியில், படிப்படியாக, எழுத்தில் தெரிவிக்கக் கற்றுக்கொள்ளுங்கள். நகல் வைத்துக்கொள்ளுங்கள். தேதி போடுங்கள். ஒருவர் பெயரையும் குறிப்பிடாமல் நிகழ்ந்ததை மட்டும் எழுதுங்கள். பதில் வராவிட்டால் மீண்டும் அதே வழியில் நினைவூட்டுங்கள். பத்திரிகைக்குப் போவது கடைசி வழிகூட அன்று. அது வேறு ஊருக்குப் போகும் பாதை.

பாப்பாரப்பட்டியிலிருந்து, ஆசிரியை:

காவேரிப்பட்டினத்து ஐயா மன்னிக்க வேண்டும். தாங்கள் சொன்ன விதி படைவீரருக்கு உரியது. என்.சி.சி. கேடட் படைவீரர் அல்லர்; 1948-ஆம் ஆண்டு என்.சி.சி. சட்டப்படி அவருக்குப் போர்ப்பணிக் கடமை எதுவும் இல்லை. சைனிக் பள்ளியில் படிக்கும் சிறுவனும் ராணுவச் சட்டத்துக்குள் வரமாட்டான். சீருடையைக் கண்டதும் 21-ஆம் விதியை நினைப்பது நம்மிடம் ஊறிப்போன பழக்கம் என்பேன்.

வர்ஜீனியா ராணுவக் கல்லூரியை எடுத்துக்கொள்ளுங்கள். 1839-இல் தொடங்கிய அந்த மாநில அரசுக் கல்லூரியின் மாணவர் பத்திரிகையான "தி கேடட்" 1907-இல் பிறந்தது. 2020 அக்டோபரில் அங்குள்ள இனப்பாகுபாடு பற்றி "வாஷிங்டன் போஸ்ட்" எழுதியபோது, மாநில ஆளுநர் விசாரணைக்கு ஆணையிட்டார். அவரே அக்கல்லூரியின் பழைய மாணவர். கல்லூரித் தலைவர் அந்த மாதமே பதவி விலகினார். தங்கள் வளாகத்தில் நடந்ததை வெளியூர்ப் பத்திரிகை எழுதித்தானே உலகம் அறிந்தது? "தி கேடட்" முன்னாள் மாணவர்களின் துணையோடு, கல்லூரி நிர்வாகத்துக்குக் கட்டுப்படாத பத்திரிகையாக மீண்டும் எழுந்தது அதற்குப் பிறகு, 2021-இல்.

இதை நான் வகுப்பில் சொன்ன நாள்தான் என் அனுபவம். அன்று அணிவகுப்பு முடிந்து, பெரட் தொப்பியைத் தோள்பட்டையில் செருகியபடி வந்து பின் வரிசையில் உட்கார்ந்திருந்த மாணவி ஒருத்தி, இனப்பாகுபாடு பற்றியோ ஆளுநர் பற்றியோ ஒன்றும் கேட்கவில்லை. "அச்சுக் கூலியை யார் கொடுத்தார்கள், மிஸ்?" என்று மட்டும் கேட்டாள். அவளுடைய அப்பா அழைப்பிதழ் அச்சடிக்கும் கடை வைத்திருப்பவர்.

அந்தக் கேள்வியிலேயே முழுச் சிக்கலும் இருக்கிறது. ஹேசல்வுட் வழக்கில் 1988-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், உயர்நிலைப் பள்ளி தன் பாடத்திட்டத்தின் பகுதியாக நடத்தும் பத்திரிகையில், கல்வி நோக்கில் நியாயமான காரணம் இருந்தால், தலைமையாசிரியர் கைவைக்கலாம் என்று சொன்னது. அது பள்ளிக்குச் சொன்னது. கல்லூரிக்குப் பொருந்துமா என்று இன்னும் வாதிடுகிறார்கள். ஆனால் ஓசூர் நண்பர் கண்ட இடத்தில், அச்சு நிற்பதைவிட இதழியல் துறையின் கீழ் போவதுதான் பெரிய ஆபத்து என்று எனக்குத் தோன்றக் காரணம் இதுதான். துறைக்குள் போய்விட்டால் பத்திரிகை பாடமாகிவிடும். பாடத்தில் மதிப்பெண் போடுபவர் திருத்தவும் செய்வார்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். எங்கள் ஊரில் 1925 ஜூலை 23-இல் மறைந்த சுப்பிரமணிய சிவாவைத் தியாகி என்று பிள்ளைகளுக்குச் சொல்கிறோம். 1913-இல் "ஞானபாநு" இதழைத் தொடங்கி நடத்திய ஆசிரியர் அவர் என்று சொல்வதில்லை.

கிருஷ்ணகிரியிலிருந்து:

ஆசிரியை பணத்தைப் பற்றியே பேசுகிறார். நான் அண்டை மாநிலத்தில் ஒரு படைத்துறை உறைவிடப் பள்ளியில் படித்தவன். எங்களுடையது சுவர்ப் பத்திரிகை என்பதால் அச்சுக் கூலி என்ற பேச்சே இல்லை. வெள்ளை அட்டையில் கையால் எழுதிக் கண்ணாடிக் கதவு போட்ட பலகையில் ஒட்டுவோம். பலகைக்கு ஒரு சிறிய பித்தளைப் பூட்டு உண்டு. சாவி விடுதிப் பொறுப்பாசிரியரின் சாவிக்கொத்தில் இருந்தது. அவர் ஒரு கட்டுரையையும் தடுத்ததாக எனக்கு நினைவில்லை. சாவி கேட்கப் போகும்போது, "என்ன எழுதியிருக்கிறாய்?" என்று அன்பாக விசாரிப்பார். அந்த ஒரு கேள்விக்காகவே, எழுதுவதற்கு முன்பே பாதியை நாங்களாகவே விட்டுவிடுவோம்.

நேரமும் ஒரு காரணம். விடியலில் உடற்பயிற்சி, பிறகு வகுப்பு, மாலையில் விளையாட்டு, இரவில் மேற்பார்வையோடு படிப்பு, அதன்பின் விளக்கணைப்பு என்று நாள் முழுவதும் மணியடித்து ஓடும் இடத்தில், ஒருவரைத் தேடிப் போய்க் கேட்டுச் செய்தி சேகரிக்க எந்த மாணவனுக்கு நேரம் இருந்தது? யாரும் தணிக்கை செய்யாமலேயே எங்கள் பலகை நிறையக் கவிதைதான் இருந்தது.

அரூரிலிருந்து, அச்சகத்தார்:

காவேரிப்பட்டினத்து ஐயா எழுதியதில் அச்சகக்காரனின் பக்கம் வரவே இல்லை. காலால் மிதித்து ஓட்டும் ட்ரெடில் அச்சு எந்திரம் ஓடிக்கொண்டிருந்த காலத்தில், விடுதி மாணவர்கள் சிலர் நான்கு பக்கப் பத்திரிகை அச்சிட வந்தார்கள். அதில் ஒருவன் என்.சி.சி. சீருடையிலேயே வந்திருந்தான். எழுத்துக் கோத்துப் புரூஃப் எடுத்துக் கொடுத்தேன். அந்தப் பையன் பிழை திருத்துவதை விட்டுவிட்டு, கடைசிப் பக்க அடியில் என் அச்சகத்தின் பெயர் இருந்த வரியை மட்டும் பேனாவால் அடித்து, "இது வேண்டாம் அண்ணா, உங்களுக்குத் தொந்தரவு வரும்" என்றான். எனக்குத் தொந்தரவு வரக்கூடாது என்று அவன் அடித்த அந்த வரி இல்லாமல் அச்சிட்டால்தான் எனக்குத் தொந்தரவு. அன்று நடப்பில் இருந்த 1867-ஆம் ஆண்டுப் பத்திரிகை, புத்தகப் பதிவுச் சட்டப்படி அச்சிட்டவர் பெயரும் இடமும் தாளில் இருந்தே ஆக வேண்டும். சொன்னேன். தாள்களை வாங்கிக்கொண்டு போனவர்கள் திரும்பி வரவில்லை. நான் கோத்த எழுத்தைப் பிரித்துப் பெட்டியில் போட்டேன், கூலியும் வரவில்லை.

இப்போது பத்திரிகை தொடங்க நினைக்கும் பிள்ளைகளுக்குச் சொல்வது என்னவென்றால், பழைய சட்டம் போய், 2023-ஆம் ஆண்டுப் பத்திரிகை, பருவ இதழ்கள் பதிவுச் சட்டம் 2024 மார்ச் 1 முதல் நடைமுறைக்கு வந்துவிட்டது. பதிவு விண்ணப்பமும் இணையத்திலேயே செய்யலாம். எவரிடமும் கேட்காமல் நகலெடுக்கும் கடையில் ஐம்பது பிரதி போட்டு விடுதியில் கொடுத்துவிடலாம் என்று நினைக்காதீர்கள். பொறுப்பாசிரியர் யார், வெளியிடுபவர் யார் என்பதை முதலில் உங்களுக்குள் முடிவு செய்யுங்கள். பெயர் போட ஒருவரும் முன்வராவிட்டால் அந்தச் செய்தியை இன்னொரு முறை விசாரியுங்கள்.

காவேரிப்பட்டினத்திலிருந்து, முன்னாள் படைவீரர்:

ஆசிரியை அம்மாவுக்கு: இன்று அந்த விதிக்குள் வராத பையன், அகாதமியில் தேர்ச்சி பெற்றுப் பதவியேற்கும் நாளில் அதற்குள் வந்துவிடுவான். பழக்கத்தை அன்று காலையில் தொடங்க முடியாது என்பதே என் கட்சி.

ஓசூரிலிருந்து:

பிறகு என்ன ஆயிற்று என்று சிலர் தனியே கேட்டிருந்ததால் எழுதுகிறேன். எதிர்ப்பு கிளம்பிய உடனேயே, அந்தப் பருவம் முடியும்வரை அச்சிடலாம் என்று பேங்க்ஸ் இறங்கிவந்தார். "தி பட்டாலியன்" அச்சுப் பதிப்பு அதன்பிறகும் நின்றுபோகவில்லை. 2023 ஜூலையில் அவர் பதவி விலகியது வேறு விவகாரத்தில்: இதழியல் துறைக்குத் தலைமை ஏற்க அழைக்கப்பட்ட கேத்லீன் மெக்கல்ராய் என்ற பேராசிரியரின் நியமனம் எதிர்ப்புக்கு இடையே குலைந்துபோனதை ஒட்டி. 2022-இல் பத்திரிகையை எந்தத் துறையின் கீழ் கொண்டுவர நினைத்தார்களோ, அதே துறைதான்.