மறு: ரஷ்ய இசையமைப்பாளர் ஸ்க்ரியாபினின் ‘மிஸ்டிக் கார்ட்’ என்ற ஆறு சுரக் கூட்டு – தமிழில் என்ன?

> ‘மறைநாண்’ என்று வைக்கலாமா? சுருக்கமாக இருக்கிறது.

ஐயா, வணக்கம்.

சுருக்கம்தான், ஆனால் இரு பாதியும் இடறுகின்றன. வட்டத்தின் நாணுக்கும் இசையின் கார்டுக்கும் ஆங்கிலத்தில் ஒரே எழுத்துக்கூட்டல், அவ்வளவே. முன்னது நரம்பு (தந்தி), பின்னது ‘அக்கார்ட்’, அதாவது இணக்கம், தலையிழந்து வந்தது. பல சுரங்கள் ஒருசேர ஒலிப்பதற்குச் ‘சுரக்கூட்டு’ போதும்.

‘மறை’யும் வேண்டாம். ‘மிஸ்டிக்’ என்பது ஸ்க்ரியாபின் வைத்த பெயரே அல்ல. 1915இல் அவர் இறந்தபின் ஆங்கிலத்தில் ஒட்டிக்கொண்டது. அவர் சொன்னது ‘பிளெரோமாவின் கூட்டு’. இறைமையின் முழு நிறைவைக் குறிக்கும் கிரேக்கச் சொல் அது. அவர் ஊறிக்கிடந்த பிளாவட்ஸ்கியின் பிரம்மஞான (தியாசபி) நூல்களிலும் உண்டு.

எதையும் மறைத்துவைக்கும் ஆளும் அல்லர். அவர் கனவு கண்ட ‘மிஸ்டீரியம்’ என்ற இசைச்சடங்கு இமயமலை அடிவாரத்தில் ஏழு நாள் நடக்க வேண்டும். பார்வையாளரே கூடாது, எல்லாரும் பங்கேற்பாளர். முடிவில் மனிதகுலமே பேரின்பத்தில் கரைய வேண்டும். இந்தியப் பயணத்துக்கு வெயில் தொப்பி வரை வாங்கிவைத்தவர், மேலுதட்டுக் கொப்புளம் சீழ்பிடித்து 43 வயதில் மாஸ்கோவில் போய்விட்டார்.

கூட்டைப் பாருங்கள். மேற்கத்திய ‘சி’ சுரத்தை ஷட்ஜமாக வைத்தால், கீழிருந்து மேலாக ஷட்ஜம், பிரதி மத்தியமம், கைசிகி நிஷாதம், அந்தர காந்தாரம், சதுசுருதி தைவதம், சதுசுருதி ரிஷபம். வாசஸ்பதி ராகத்தில் பஞ்சமத்தை மட்டும் உருவிவிட்டது போல! பழைய மேற்கத்திய இலக்கணப்படி இப்படிப்பட்ட கூட்டு வேறெங்கோ போய் இளைப்பாற வேண்டும். அவருடைய வாத்தியக்குழுப் படைப்பான ‘பிரோமிதியஸ்’ (1910) இதிலேயே குடியிருக்கிறது. ஆகவே ‘நிறைகூட்டு’ என்பேன். ‘பூரணக்கூட்டு’ என்றால் கொழுக்கட்டையும் பொரியலும் நினைவுக்கு வருகின்றன.

> ‘பிரோமிதியஸ்’ முடிவது சாதாரண எஃப் ஷார்ப் மேஜர் கூட்டில்தானே? குடியிருப்பது எங்கே? மேலும் ‘நிறை’ இயற்பியலில் எடையோடு குழம்பும் சொல்.

முதலாவது உண்மை, கடைசி நொடியில் வீடு மாறிவிடுகிறார். ஆனால் 1914இன் கடைசி ஐந்து பிரெலூடுகளில் (சிறு பியானோ உருப்படிகள்) அந்தச் சாதாரண மேஜர் வீட்டுக்குத் திரும்புவதே இல்லை. இரண்டாவதற்கு மறுப்பில்லை: ‘நிறைவுச் சுரக்கூட்டு’. சில எழுத்து கூடினால் கூடட்டும்.

> சரி, மறைநாணைத் திரும்பப் பெறுகிறேன். அடுத்தது: ‘பிரோமிதியஸ்’ இசைப்படியின் உச்சி வரியில் ‘லூச்சே’ என்று வருகிறதே, அழுத்தினால் ஒலிக்குப் பதில் வண்ண ஒளி வீச வேண்டிய விசைப்பலகை. ஆர்மோனியத்துக்குக் கட்டை என்கிறோம். இதை ‘ஒளிக்கட்டை’ எனலாமா?