2019 ஸ்விஃப்ட் விஎக்ஸ்ஐ: ஜாஸ் அலாய் சேருமா, இல்லை 16 இன்ச் புதுசு வாங்கலாமா?

கோவை_ஸ்விஃப்ட்

வணக்கம். 2019 ஸ்விஃப்ட் விஎக்ஸ்ஐ பெட்ரோல். கம்பெனியில் வந்த 14 இன்ச் ஸ்டீல் ரிம், 165/80 டயர். நாலு டயரும் மொட்டையாகிவிட்டது, மாற்றியே ஆகவேண்டும், அதோடு அலாயும் போட்டுவிடலாம் என்று வீட்டில் ஒருவழியாக அனுமதி வாங்கியாயிற்று. இப்போது கையில் மூன்று வழி இருக்கிறது.

சித்தப்பா மகன் தன் ஹோண்டா ஜாஸுக்கு வேறு அலாய் போட்டுவிட்டான், கழற்றிய 15 இன்ச் கம்பெனி அலாய் சும்மா கிடக்கிறது, எடுத்துக்கொள் என்கிறான். அதுவும் நாலு ஓட்டை, பிசிடி (எதிரெதிர் ஓட்டைகளின் மையங்களுக்கு நடுவில் உள்ள தூரம்) 100 மி.மீ., நம் வண்டியும் 100. அடுத்தது, ஒரு கடையில் எட்டு ஓட்டை (இரண்டு பிசிடிக்கு நாலு நாலாக) போட்ட 16 இன்ச் புது அலாய் காட்டினார்கள், எல்லா வண்டிக்கும் சேரும் என்கிறார்கள். அதே கடையில் 17 இன்ச்சும் இருக்கிறது, 205/45 டயரோடு, பார்க்க செமயாக இருக்கிறது.

பிசிடி சேர்ந்தால் போதாதா, இன்னும் ஏதாவது பார்க்க வேண்டுமா? தினசரி ஓட்டம் ஊருக்குள்தான், மாதத்துக்கு ஒரு தடவை குடும்பத்தோடு பழனிப் பக்கம் போவேன். அலாய் மட்டும் 25,000 ரூபாயைத் தாண்டக் கூடாது.

டயர்கடை_தம்பி

17 வேண்டாம் அண்ணா. உங்கள் 165/80 டயரில், அதாவது 165 மி.மீ. அகலத்தில் 80 சதவீதம், ரிம்முக்கும் ரோட்டுக்கும் நடுவில் 132 மி.மீ. ரப்பர் இருக்கிறது. 205/45 போட்டால் 92 மி.மீ.தான். பெயின்ட் அடிக்காத ஸ்பீட் பிரேக்கர், மழைக்கு அப்புறம் தண்ணீர் நிறைந்த பள்ளம், இரண்டில் ஒன்று போதும், ரிம் பெண்டாகிவிடும். எங்கள் கடைக்கு பெண்டு எடுக்க வருவதில் பெரும்பாலும் இந்த மாதிரி ஒல்லி டயர் வண்டிகள்தான். ஷோவுக்கு ஓட்டுகிறவர்கள் போடட்டும்.

ஹப்_மாமா

தம்பி, பிசிடி என்பது வாசல் மட்டும்தான். உள்ளே போனால் இன்னும் நாலு கேள்வி இருக்கிறது: நடு ஓட்டையின் அளவு, நட்டின் திரெட், நட்டு உட்காரும் இடத்தின் (சீட்) வடிவம், ஆஃப்செட். இதில் கடைக்காரர்கள் வாயே திறக்காத விஷயம் மூன்றாவது, உங்கள் ஜாஸ் அலாய் சிக்குவதும் அங்கேதான்.

ஸ்விஃப்ட்டின் ஸ்டட் (நட்டு ஏறும் போல்ட்) 12 மி.மீ., திரெட் இடைவெளி 1.25. ஹோண்டாவில் 12, 1.5. அதாவது ஜாஸ் நட்டு உங்கள் ஸ்டட்டில் ஏறாது, முரட்டுத்தனமாக ஏற்றினால் திரெட் போய்விடும். சரி, நம் பழைய நட்டையே போட்டுக்கொள்ளலாம் என்று தோன்றும். அங்கேதான் கதை. உங்கள் நட்டு ஒன்றைக் கழற்றி, ரிம்மில் உட்காரும் முனையைப் பாருங்கள், நேர்கோட்டில் சரிந்த கூம்பாக இருக்கும். ஹோண்டா கம்பெனி நட்டின் முனை கோலிக்குண்டை வெட்டி ஒட்டியது மாதிரி உருண்டு இருக்கும், ஜாஸ் அலாயின் ஓட்டையிலும் அதற்கேற்ற குழிவுதான் இருக்கும். கூம்பு நட்டை அந்தக் குழிவில் போட்டு ஸ்பேனரால் மிதித்தால் இறுகும், இறுகிய மாதிரியே இருக்கும், ஆனால் முழு முகமும் படியாது.

நம்பிக்கை இல்லையென்றால் ஒரு மார்க்கர் வாங்கிக்கொள்ளுங்கள். நட்டின் கூம்பு முழுக்க மை தடவி, அந்த ரிம்மை மாட்டிக் கையால் இறுக்கி, கொஞ்சம் ஸ்பேனர் கொடுத்துவிட்டுக் கழற்றிப் பாருங்கள். சரியான சீட் என்றால் மை அகலமாக உரசிப் போயிருக்கும். இதில் நூல் மாதிரி ஒரு வளையத்தில் மட்டும் போயிருக்கும், மிச்ச மை அப்படியே இருக்கும். அந்த நூல்தான் உங்கள் சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு பழனிக்குப் போகப்போகிறது.

நடு ஓட்டை: ஸ்விஃப்ட் ஹப் (ரிம்மின் நடு ஓட்டைக்குள் நுழையும் வண்டியின் பாகம்) 54.1 மி.மீ., ஜாஸ் ரிம் 56.1. இரண்டு மி.மீ. இடைவெளியை ஹப் ரிங் போட்டு அடைக்கலாம், அது பெரிய விஷயமில்லை. நட்டுதான் விஷயம். ரிம் பெரிதாக இருந்தால் ரிங் போடலாம், சின்னதாக இருந்தால் மாட்டவே மாட்டாது, அதைக் கடைசல் போட்டுப் பெரிதாக்கித் தருகிறேன் என்று யாராவது சொன்னால் அந்தக் கடைப் பக்கமே போகாதீர்கள்.

வேகம்_முரளி

ஐயா சொல்வது புத்தகத்துக்குச் சரி. நான் பழைய ஹோண்டா சிட்டி அலாயை ஸ்விஃப்ட் நட்டோடவே ரொம்ப நாளாக ஓட்டுகிறேன், திருச்சி பைபாஸில் 120-இல் போனாலும் ஒன்றும் ஆகவில்லை. சும்மா கிடைக்கிற ரிம்மை விடச் சொல்வது ஓவர்.

ஹப்_மாமா

முரளி, ஒன்றும் ஆகாத வரைக்கும் ஒன்றும் ஆகவில்லைதான். வண்டியை ஒரு நாள் நிறுத்தி நாலு நட்டையும் கழற்றி, அலாயின் சீட்டில் பளபளவென்று ஒரு கோடு வெட்டியிருக்கிறதா என்று மட்டும் பார்த்துவிட்டு வந்து எழுதுங்கள். அலுமினியம் மென்மையான உலோகம், ஒரு கோட்டில் மட்டும் பாரம் விழுந்தால் அங்கே அமுங்கும், அமுங்க அமுங்க நட்டின் இறுக்கம் குறையும், மறுபடி இறுக்குவீர்கள், இன்னும் அமுங்கும்.

தம்பிக்கு ஜாஸ் அலாய்தான் வேண்டும் என்றால் வழி இருக்கிறது. 1.25 திரெட்டில், உருண்டை சீட்டோடு நட்டு தனியாக வாங்க வேண்டும். தேடினால் கிடைக்கும், ஆனால் 16 நட்டும் ஒரே மாதிரி கிடைக்க வேண்டும். அப்புறம் ஸ்டெப்னி ஸ்டீல் ரிம்முக்குக் கூம்பு நட்டு தனியாக டிக்கியில் இருக்க வேண்டும், நடுராத்திரி பஞ்சரில் எது எதற்கு என்று நினைவு இருக்க வேண்டும். மனைவி வண்டி எடுத்துக்கொண்டு போகும்போது பஞ்சர் ஆனால்? பஞ்சர் கடைப் பையன் கையில் கிடைத்த நட்டைத்தான் போடுவான்.

கோவை_ஸ்விஃப்ட்

மாமா சொன்ன மாதிரி நட்டைக் கழற்றிப் பார்த்தேன், பக்கத்தில் ஜாஸ் நட்டையும் வைத்துப் பார்த்தேன். இரண்டும் வேறு வேறுதான், கண்ணுக்கே தெரிகிறது. இத்தனை நாள் நட்டு என்றால் நட்டு என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன். சித்தப்பா மகனிடம் அலாய் வேண்டாம் என்று சொல்லிவிட்டேன், அவன் முகம் கொஞ்சம் வாடிவிட்டது, பரவாயில்லை.

அப்போது 16 இன்ச் எட்டு ஓட்டை? நான் பார்த்தது 6.5 ஜே, ஆஃப்செட் 35 என்று கடையில் எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். இது என்ன கணக்கு?

அளவுகோல்

ஆஃப்செட் கணக்கை நான் சொல்கிறேன். 6.5 ஜே என்பது ரிம்மின் அகலம், இன்ச்சில். ரிம்மின் அகலத்துக்கு நடுவில் ஒரு கோடு போட்டால், ஹப்பில் போய் ஒட்டும் முகம் அந்தக் கோட்டிலிருந்து எத்தனை மி.மீ. வெளிப்பக்கம் தள்ளி இருக்கிறது என்பதுதான் அந்த எண். எண் குறையக் குறைய சக்கரம் வெளியே வரும். உங்கள் பழைய ரிம்மின் பின்பக்கமோ ஸ்போக்கின் உள்பக்கமோ அகலமும் ஈடி (ஆஃப்செட்) எண்ணும் குத்தியிருக்கும், அழுக்கைத் துடைத்துவிட்டுப் பாருங்கள்.

ஒரு பேச்சுக்கு, 5.5 ஜே, 45 ஆஃப்செட் ரிம்மிலிருந்து 6.5 ஜே, 35-க்குப் போகிறீர்கள் என்று வையுங்கள். அகலம் ஒரு இன்ச் கூடுகிறது, அதில் பாதி, 12.7 மி.மீ., இரண்டு பக்கமும் பிரியும். ஆஃப்செட் 10 குறைந்ததால் மொத்த சக்கரமும் 10 மி.மீ. வெளியே நகரும். ஆக வெளிவிளிம்பு 22.7 மி.மீ. வெளியே, உள்விளிம்பு 2.7 மி.மீ. மட்டும் உள்ளே. கிட்டத்தட்ட ஒரு இன்ச் வெளியே வந்த டயர், பின்சீட்டில் மூன்று பேர், டிக்கியில் சாமான், ஒரு பள்ளம்: சக்கரத்துக்கு மேலே உள்ள பாடி வளைவில் (ஆர்ச்) உரசும் சத்தம் கேட்கும். முன்பக்கம் ஸ்டியரிங்கை முழுக்க ஒடித்தால் பிளாஸ்டிக் லைனரில் தேயும். வீல் பேரிங்குக்கும் வேலை கூடும், ஸ்டியரிங்கும் ரோட்டு மேடு பள்ளத்தைக் கையில் கூடுதலாக இழுக்கும். ஆஃப்செட் ரொம்பக் கூடுதலான ரிம்மைப் போட்டால் உள்பக்கம் ஷாக் அப்சார்பரில் இடிக்கும், அதைச் சரிக்கட்ட ரிம்மை வெளியே தள்ளும் ஸ்பேசர் என்று ஒன்றை விற்பார்கள், அது வேறு தலைவலி.

எட்டு ஓட்டை ரிம்களின் நடு ஓட்டை பெரும்பாலும் 73.1 மி.மீ., எல்லா வண்டிக்கும் விற்க வேண்டுமே. 54.1 ஹப்புக்கு 19 மி.மீ. வித்தியாசம். அதற்கான ரிங் கட்டாயம் கேளுங்கள், ரிங் இல்லாமல் மாட்டினால் ரிம் நடுவில் உட்காராமல் போக வாய்ப்பு அதிகம், 80, 90-இல் ஸ்டியரிங் நடுங்கும், நீங்கள் பேலன்சிங் பேலன்சிங் என்று அலைவீர்கள்.

இன்னொன்று, 4×98 ரிம் 4×100 ஸ்டட்டில் ஏறிவிட்டது என்று சொல்கிறவர்கள் உண்டு. ஃபியட் புன்டோ 98. கண்ணுக்கு வித்தியாசமே தெரியாது. நாலு ஓட்டை ரிம்மில் எதிரெதிர் ஓட்டைகளின் மையத்திலிருந்து மையத்துக்கு அளந்தால் அதுதான் பிசிடி, ஒரு ஓட்டையின் இடது விளிம்பிலிருந்து எதிர் ஓட்டையின் இடது விளிம்புக்கு அளந்தால் சுலபம். பழைய ஃபிகோ 108, போலோ ஐந்து ஓட்டை 100, அவை பேச்சுக்கே இடமில்லை.

டயர்கடை_தம்பி

அண்ணா, இவ்வளவு சுற்றவே வேண்டாம். உங்கள் வண்டியின் இசட்எக்ஸ்ஐ மாடலில் கம்பெனியே 15 இன்ச் அலாயும் 185/65 டயரும் கொடுக்கிறது. பிசிடி, நடு ஓட்டை, நட்டு, ஆஃப்செட், எல்லாவற்றையும் கம்பெனி இன்ஜினியர் ஏற்கெனவே பார்த்துவிட்டார். டயரின் மொத்த உயரமும் 165/80-14-இல் சுமார் 620 மி.மீ., 185/65-15-இல் 621.5. ஸ்பீடோமீட்டருக்கு வித்தியாசமே தெரியாது. வண்டி வாங்கின கையோடு பெரிய அலாய் போடுகிறவர்கள் இந்த செட்டைக் கழற்றி விற்கிறார்கள், ஓடாத ரிம்மே கிடைக்கும். பெலினோவின் 15 ஆனாலும் சரி, அதே ஹப், அதே நட்டு. 16-தான் வேண்டும் என்றால் பெலினோவின் 16-க்கு வரும் 195/55, அதுவும் 621 மி.மீ. பக்கம்தான். ஆனால் உங்கள் ரோட்டுக்கு 15 போதும் என்பேன், டயர் விலையும் குறைவு.

டயர் வாங்கும்போது லோடு இண்டெக்ஸ் பாருங்கள். உங்கள் பழைய டயரில் 85 என்று இருக்கும், ஒரு டயருக்கு 515 கிலோ. 185/65-15-இல் 88, அதாவது 560. அதற்குக் கீழே இறங்க வேண்டாம். 205/45-17-இல் சாதாரண டயர் 84, வெறும் 500 கிலோ, இதையும் அந்தக் கடையில் சொல்லியிருக்க மாட்டார்கள்.

சட்டம்_பேசுபவன்

ஒரு வரி நானும். மோட்டார் வாகனச் சட்டத்தின் 52-ஆவது பிரிவு, வண்டியை ஆர்சியில் உள்ள கம்பெனி அமைப்பிலிருந்து மாற்றுவதைப் பற்றியது, 2019 ஜனவரியில் சுப்ரீம் கோர்ட்டும் அதைக் கறாராகச் சொல்லியிருக்கிறது. அதே மாடலின் மேல் வேரியண்ட் அளவு என்றால் யாரும் கேள்வி கேட்க இடமில்லை. மட்கார்டுக்கு வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் டயர்தான் செக்போஸ்ட்டில் கண்ணில் படும், விபத்து கிளெய்மில் சர்வேயர் கண்ணிலும் படும். எது போட்டாலும் இன்ஷூரன்ஸ் கம்பெனிக்கு ஒரு மெயில் எழுதி, பதிலை வைத்துக்கொள்ளுங்கள்.

கோவை_ஸ்விஃப்ட்

சரி, முடிவு பண்ணிவிட்டேன். இசட்எக்ஸ்ஐ 15 இன்ச் செட். கழற்றிய செட் இரண்டு இடத்தில் கேட்டிருக்கிறேன், ஒன்று பட்ஜெட்டுக்குள் வருகிறது. செகண்ட் ஹேண்டில் என்ன பார்த்து வாங்க வேண்டும்? ஸ்டெப்னி 14 அப்படியே இருக்கலாமா?

ஹப்_மாமா

ஸ்டெப்னி இருக்கட்டும். உயரம் ஒன்றுபோல இருப்பதால் பஞ்சர் கடை வரைக்கும் தாராளமாக ஓட்டலாம், நட்டும் அதே நட்டுதான், கூடுதல் நட்டுப் பை தேவையில்லை. இது ஒன்றுக்காகவே நான் அதே வண்டி ரிம்மைத்தான் சொல்வேன்.

பழைய அலாயை டயரோடு பார்த்து வாங்காதீர்கள். டயரைக் கழற்றி வெறும் ரிம்மாக பேலன்சிங் மெஷினில் சுற்றச் சொல்லுங்கள், உள்விளிம்பைக் கவனியுங்கள், பள்ளத்தில் அடிவாங்கினால் முதலில் ஆடுவது உள்பக்கம்தான், வெளியே நின்று பார்க்கிறவருக்குத் தெரியாது. உள் வளையத்தில் விரலை வைத்து ஒரு சுற்று தடவுங்கள். வெல்டு வைத்துத் தேய்த்த இடம் பெயின்ட் அடித்திருந்தாலும் விரலுக்குத் தெரியும். வெல்டு வைத்த ரிம் எவ்வளவு மலிவானாலும் வேண்டாம். புதிதாகப் பளபளவென்று பெயின்ட் அடித்துக் கொடுத்தால் இன்னும் இரண்டு மடங்கு சந்தேகப்படுங்கள். நட்டு சீட் நான்கும் வட்டமாக, வெட்டு இல்லாமல் இருக்க வேண்டும். கம்பெனி ரிம் இல்லாமல் வெளி பிராண்ட் வாங்குகிறவர்கள் பின்பக்கம் ஜேடபிள்யூஎல், விஐஏ முத்திரை பாருங்கள். இரண்டும் ஜப்பான் முத்திரைகள், முன்னது தயாரித்தவரே தரத்துக்கு ஒத்துப்போகிறது என்று சொல்வது, பின்னது வெளியே டெஸ்ட் பண்ணிக் கொடுப்பது.

மாட்டும்போது வண்டி ஜாக்கியில் இருக்கும்போதே நாலு நட்டையும் கையால் சுற்றி, எதிரெதிராக இறுக்க வேண்டும். கடையில் இம்பாக்ட் கன்னை வைத்து டர்ர்ர் என்று அடிக்க விடாதீர்கள், மேனுவலில் உள்ள அளவுக்கு டார்க் ரெஞ்சில் முடிக்கச் சொல்லுங்கள். 100 கி.மீ. ஓட்டிவிட்டு மறுபடி ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். டயர் பிரஷருக்கு டிரைவர் கதவுப் பக்க ஸ்டிக்கர் பாருங்கள், புது அளவுக்கு என்ன போட்டிருக்கிறதோ அது.

டயர்கடை_தம்பி

டயரின் ஓரத்தில் நாலு எண் பாருங்கள், முதல் இரண்டு எண் தயாரித்த வாரம், அடுத்த இரண்டு எண் தயாரித்த வருடம். புது டயர் என்று சொல்லி இரண்டு வருடம் கோடவுனில் கிடந்ததைத் தள்ளுவார்கள். வால்வும் புதுசு கேளுங்கள், அதில் மிச்சம் பிடிக்க வேண்டாம்.

வேகம்_முரளி

மாமா, இன்று ஒரு நட்டைக் கழற்றினேன். கோடு இருக்கிறது. அந்த உருண்டை சீட் நட்டு 1.25-இல் சென்னையில் எங்கே கேட்கலாம், புதுப்பேட்டையில் கிடைக்குமா?

ஹப்_மாமா

நட்டை வாங்கி என்ன பண்ணப் போகிறீர்கள் முரளி, சீட்டே வெட்டிவிட்டதே. மிச்ச 15 நட்டையும் கழற்றிப் பாருங்கள், வெட்டு விழுந்த ரிம்மை மாட்டாதீர்கள். பழைய ஸ்டீல் ரிம் வீட்டில் இருக்கிறதா?

வேகம்_முரளி

அதை அப்போதே விற்றுவிட்டேன். கோவை நண்பரே, உங்கள் 14 இன்ச் ஸ்டீல் ரிம்மை ஸ்டெப்னி போக என்ன செய்யப் போகிறீர்கள்? விலை சொல்லுங்கள்.