உலகத்தில் ஒன்றே ஒன்று மிஞ்சிய கஃபே மாரோன்: கட்டிங் போட்டால் போதாதா?

தண்டையார்பேட்டை மாடித்தோட்டம் கேட்டது:
மொரிஷியஸைச் சேர்ந்த ரோட்ரிகஸ் தீவில் கஃபே மாரோன் என்ற புதர்ச்செடி ஒரே ஒன்றுதான் மிஞ்சியிருந்தது என்று படித்ததிலிருந்து மனசு அங்கேயே நிற்கிறது. காபிக் குடும்பமாம், நம்ம இட்லிப்பூவுக்கும் சொந்தம். இட்லிப்பூவை நான் தண்டு ஒடித்து நட்டே தொட்டி தொட்டியாகப் பெருக்கியிருக்கிறேன். இதையும் அப்படிச் செய்துவிட்டால் முடிந்ததே, ஏன் இன்னும் அழியும் பட்டியலில் வைத்திருக்கிறார்கள்?

ராயபுரம் செடிப்பித்தன்:
அக்கா, அதைத்தான் முதலில் செய்தார்கள். 1986-இல் லண்டன் கியூ தோட்டத்துக்குத் தண்டு போய் வேர் பிடித்தது, வெள்ளையாகப் பூத்துத் தள்ளியது, ஆனால் வருஷக்கணக்கில் ஒரு காய்கூட இல்லை. மகரந்தம் இருந்தும் சூல்முடி, அதாவது பூவின் நடுவில் மகரந்தத்தை வாங்கிக்கொள்கிற நுனி, அதை ஏற்கவில்லை. கடைசியில் கார்லோஸ் மக்டலேனா என்ற தோட்டக்கலைஞர் சூல்முடியின் நுனியை வெட்டி, வெட்டிய இடத்தில் மகரந்தத்தை வைத்துப் பார்த்தார். செடியை நல்ல வெப்பத்திலும் வைத்தார். அப்புறம்தான் காய் பிடித்தது, விதையிலிருந்து நாற்றும் வந்தது. கட்டிங்கில் வருவதெல்லாம் அதே ஒரு செடிதான், ஒரு நோய் வந்தால் மொத்தமும் போய்விடும். விதைக்கன்று அப்படி இல்லை, ஒன்றுக்கொன்று கொஞ்சமாவது மாறும்.

காசிமேடு வாசி:
விதை சரி, ஊன்ற இடம்? ரோட்ரிகஸ் மொத்தமே 108 சதுர கிலோமீட்டர் சொச்சம்தான். குடியேறியவர்கள் காட்டை வெட்டினார்கள், ஆடுமாடு மேய்ந்தது, மிச்ச இடத்தை வெளியூர்ச் செடிகள் பிடித்துக்கொண்டன. இந்தச் செடியின் இளங்கன்றில் இலை ஒல்லியாக, கருத்துப் புள்ளி விழுந்து இருக்கும், நடுநரம்பு மட்டும் இளஞ்சிவப்பு. வளர்ந்த செடியிலோ சாதாரண அகலப் பச்சை இலை. தீவில் முன்பு இருந்த ராட்சத ஆமைகளின் கண்ணுக்குத் தப்பத்தான் இந்த வேஷம் என்கிறார்கள். அந்த ஆமைகள் பூண்டோடு அழிந்துவிட்டன. ஆடு வேஷத்தையெல்லாம் பார்த்தா மேயும்? அது போதாதென்று, மருந்து என்று ஊர்க்காரர்களே கிளை ஒடித்துப் போனதால் அந்த ஒற்றைச் செடியைச் சுற்றி வேலிக்கு மேல் வேலி போட வேண்டியதாயிற்று. கியூவிலிருந்து கன்றுகள் ஊர் திரும்பியது பெரிய விஷயம்தான், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் வேலிக்கு வெளியே தானாக விழுந்த விதை தானாக முளைத்து நிற்கிற வரைக்கும் பட்டியலிலிருந்து எடுக்கக் கூடாது என்பதுதான் என் கட்சி. நம்ம எண்ணூர்க் கழிமுகத்தையே பாருங்கள், அலையாத்திக் கன்றை எத்தனை வேண்டுமானாலும் நடலாம், சேற்றில் அனல்மின் நிலையச் சாம்பல் படிந்துகொண்டே இருந்தால் அது எதில் வேர் விடும்?

தண்டையார்பேட்டை மாடித்தோட்டம்:
இப்போது புரிகிறது தம்பிகளா. தொட்டியில் உயிரோடு இருந்தால் போதும் என்று நினைத்துவிட்டேன்.

கத்திவாக்கம் டீச்சர்:
ஒன்றை யாரும் சொல்லவில்லையே. அழிந்துபோனது என்று கைவிட்ட செடியை 1980 வாக்கில் கண்டுபிடித்தது ஒரு பள்ளிக்கூடத்துப் பையன்! தீவின் அரிய செடிகளின் படத்தை ஆசிரியர் வகுப்பில் கொடுத்திருக்கிறார், இவன் அதைப் பார்த்துவிட்டு வெளியே போய்க் கிளையோடு வந்து நின்றிருக்கிறான். இங்கே கழிமுகத்துக்குப் பக்கத்திலேயே குடியிருக்கிற என் எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு உமரிச்செடி எது, தில்லைமரம் எது என்று தெரியாது. அவர்களுக்கு இந்தப் பக்கத்துச் செடிகளைப் படம் போட்டுக் கொடுக்கப் போகிறேன். இலை, பூ, காய் மூன்றும் தெளிவாகத் தெரிகிற போட்டோ யாரிடமாவது இருந்தால் இங்கேயே போடுங்கள், முதலில் தில்லை வேண்டும்.